பதினோராம் பக்கம்

கரைத்தோட்டம்,
14.01.2024

அன்புள்ள காக்கா,

அஸ்ஸலாமு அலைக்கும். உம்மாவும் நானும் சுகம். தோஹாவில் இம்முறை குளிர் கூட என்று ஹுஸ்னியா மதினி சொன்னார். நெஞ்சுச் சளி விட்டதா? தைலம் முடிந்திருந்தால் எழுதுங்கள். வருகிற ஆளிடம் கொடுத்துவிடுகிறேன்.

இதைப் போனில் சொல்லியிருக்கலாம். ஆனால் போனை எடுத்தால் உம்மா பக்கத்தில் வந்து என் வாயையே பார்த்துக்கொண்டு நிற்பார். எனக்கும் வாயால் பாதிதான் வரும். எழுதினால் முழுதும் வருகிறது. அதனால் ஈமெயிலில் எழுதுகிறேன். நீங்களும் எழுதியே பதில் போடுங்கள்.

புதன்கிழமை நம் வீட்டுக் கேற்றில் ஓர் அறிவித்தல் ஒட்டிவிட்டுப் போயிருக்கிறார்கள். மீன் இறங்குதுறையைப் பெருப்பிக்கிறார்களாம். லொறி நிறுத்த இடம் வேண்டுமாம். நம்முடைய இருபத்திரண்டு பேர்ச் காணியை, வீடும் கிணறும் அடங்கலாக, பொதுத் தேவைக்கு எடுக்கப்போவதாக மூன்று மொழியிலும் எழுதியிருக்கிறது. அடியில், "உரிமையாளர்: அப்துல் ஸமட் நிப்றாஸ்" என்று உங்கள் பெயர்.

உம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். லொறியையும் இறங்குதுறையையும் பேசாமல் கேட்டுக்கொண்டிருந்தவர், உங்கள் பெயர் வந்ததும் சிரித்துவிட்டார்.

"நிப்றாஸுக்கு இஞ்ச என்னகா வீடு? அவன்ட வீடு சாய்ந்தமருதில, பொண்டாட்டிட வீடு. இது பொம்புளப் புள்ளைக்கி உள்ள வீடு. இது தெரியாத ஆரு அந்தக் கந்தோரில இரிக்கான்?"

அந்தக் கந்தோரில், பிரதேச செயலகத்தில், நானும்தான் இருக்கிறேன். பட்டதாரி நியமனத்தில் போய் இரண்டு வருசமாகப் படிவங்கள் நிரப்புகிறேன். எல்லாப் படிவத்திலும் "குடும்பத் தலைவர்" என்று ஒரு கட்டம் இருக்கும். எங்கள் பேனா அந்தக் கட்டத்துக்கு வந்ததும் தானாகவே ஓர் ஆணின் பெயரைத் தேடும். உங்கள் பெயரும் அப்படித்தான் வந்திருக்கும். உம்மா இந்த வீட்டை என் பெயருக்கு உறுதி எழுதித் தந்த அன்று, நொத்தாரிசு வீட்டுக்கு அவரை ஓட்டோவில் கூட்டிப் போனது நீங்கள்தானே. பிழையைத் திருத்த ஒரு கடிதம் கொடுக்கப்போகிறேன்.

உங்கள் துஆவில் எங்களையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

தங்கை,
றுஸ்தா

*

தோஹா,
06.02.2024

அன்புத் தங்கச்சிக்கு,

வஅலைக்குமுஸ்ஸலாம். சளி விட்டுவிட்டது. உம்மா பிறஷர் குளிசையை நேரத்துக்குப் போடுகிறாவா? விட்டால் எனக்குச் சொல்.

கடிதத்தை இரண்டு தரம் வாசித்தேன். நான் சொல்வதைக் கோபிக்காமல் கேள். அரசாங்கம் எடுக்க நினைத்தால் எடுக்கும். நட்டஈடு தருவார்கள், வேறு இடத்தில் காணியும் தருவார்களாம். கடலடி வீடு எப்படியும் உப்பில் அரிக்கிற வீடு. உன் நியமனம் இன்னும் நிரந்தரமாகவில்லை. மேலதிகாரிகளோடு மோதாதே. நீ கூட்டத்தில் வாய் திறக்காத பிள்ளை, இது உனக்குத் தோதுப்படாது.

உடம்பைக் கவனித்துக்கொள்.

காக்கா

*

கரைத்தோட்டம்,
21.02.2024

அன்புள்ள காக்கா,

அஸ்ஸலாமு அலைக்கும். இரண்டு பேரும் சுகம். உம்மா குளிசை போடுகிறார். முந்தாநாள் மழையில் கிணற்றடி வழுக்கி முழங்கால் உரசியது, பயப்பட ஒன்றுமில்லை.

தோதுப்படாதுதான். ஆனாலும் உறுதியின் பிரதியையும் ஆட்சேபனைக் கடிதத்தையும் காணிப் பகுதி முஸ்தாக் சேரிடம் கொண்டுபோனேன். என் மேசையிலிருந்து நாலாவது மேசை அவருடையது. அந்த நாலு மேசையைக் கடக்க எனக்கு ஒரு காலைப்பொழுது தேவைப்பட்டது.

"என்ன தங்கச்சி, காயிதமெல்லாம் கொண்டு வந்திரிக்கீங்க? சொந்தக்காரர வரச் செல்லுங்க."

"நான்தான் சேர் சொந்தக்காரி."

"குடும்பத் தலைவர்?"

"உம்மா."

"பகிடி வுடாதீங்க புள்ள. வீட்டில ஆம்புள ஆரும் இல்லையா?"

வழக்கமாக இந்த இடத்தில்தான் என் குரல் உள்ளே போய்விடும். அன்று எனக்கே தெரியாமல் வெளியே வந்துவிட்டது. "சேர், நீங்க இப்ப இரிக்கிற வீடு ஆருட வீடு?"

அவர் மாமியார் வீட்டில் இருப்பதும், அவருடைய உம்மாவின் வீடு அவர் தங்கைக்குப் போனதும் எல்லோருக்கும் தெரியும். தேநீர்த் தட்டோடு நின்ற ஜெமீலா ராத்தாதான் முதலில் தொடங்கினார்.

"அவர்ட மாமி இன்னும் வீட்டுத் திறப்பையே அவர்ட கையில குடுக்கல்ல. அவருக்கிட்டப் போய்க் கேக்கியே!"

எல்லோரும் சிரித்தார்கள். முஸ்தாக் சேருக்குக் காது சிவந்தது. சிரிப்பு அடங்கும்வரை இருந்துவிட்டு மெதுவாகச் சொன்னார்: "சிரிங்க, சிரிங்க. ஆட்சேபனை இல்ல எண்டு உங்கட வீட்டாள் எழுதியே தந்திரிக்காங்க. உங்களுக்கு விசாரணை வைக்கவே தேவல்ல."

"ஆரு சேர் எழுதித் தந்த?"

"கோப்பில இரிக்கி." மேசை லாச்சியைச் சாத்திவிட்டார்.

அடுத்த நாள் தகவல் அறியும் சட்டத்தின் கீழ் விண்ணப்பம் எழுதி, அந்தக் கோப்பின் பிரதி முழுவதையும் கேட்டேன். எங்கள் கந்தோருக்கே எழுதி, எங்கள் கந்தோரிலேயே கொடுத்தேன். "உன்ட வீட்டுக் கோப்ப நீயே எழுதிக் கேக்கியாகா?" என்று வாங்கினவர் கேட்டார்.

காக்கா, யார் எழுதிக் கொடுத்திருப்பார்கள்? உங்களுக்கு ஏதும் தெரியுமா?

பதிலை எதிர்பார்க்கும்,
றுஸ்தா

*

தோஹா,
25.03.2024

அன்புத் தங்கச்சி,

வஅலைக்குமுஸ்ஸலாம். அல்லாஹ் உங்கள் நோன்புகளை ஏற்றுக்கொள்ளட்டும். இங்கே நோன்புக்கு வேலை நேரத்தைக் குறைத்திருக்கிறார்கள். கேம்பில் ஒரு காத்தான்குடிப் பொடியன் கஞ்சி காய்ச்சுகிறான். நம் பள்ளிக் கஞ்சி மாதிரி வராது, ஆனாலும் வரிசையில் நிற்கிறோம். உம்மாவின் முழங்காலுக்கு என்ன மருந்து போடுகிறாய்?

கந்தோர்களில் என்னவும் சொல்வான்கள். அதைப் பெரிதாக எடுக்காதே. எம்பியின் ஆளொருவரை எனக்குத் தெரியும். பெருநாள் முடிய அவரைப் பிடித்துக் கதைத்துப் பார்க்கலாம். அதுவரை பொறுமையாக இரு. கோர்ட் கச்சேரி என்று இறங்காதே.

ஹுஸ்னியாவிடம் பெருநாள் உடுப்பு கொடுத்துவிட்டிருக்கிறேன். உனக்கு ஊதா நிறம்.

காக்கா

*

கரைத்தோட்டம்,
18.04.2024

அன்புள்ள காக்கா,

அஸ்ஸலாமு அலைக்கும். பெருநாள் நன்றாக முடிந்தது. ஊதா அளவாக இருந்தது. உம்மா சுகம்.

பொறுமையாக இருந்ததில் ஒன்று நடந்தது. நம் காணியை அவசரத் தேவைக்கு எடுப்பதாக அரசாங்க வர்த்தமானியில் போட்டுவிட்டார்கள். என் ஆட்சேபனைக்கு ஒரு வரி பதில்கூட இல்லை. ஜூலை முடிவுக்குள் வீட்டை ஒப்படைக்க வேண்டுமாம்.

அந்தத் தாளைக் கையில் பிடித்துக்கொண்டே கல்முனைக்கு பஸ் ஏறினேன். அங்கே வினோஜா என்று ஒரு சட்டத்தரணி இருக்கிறார். ஆலையடிவேம்புக்காரர், என்னைவிட இரண்டு வயதுதான் கூட. அவருடைய அறையில் ஒரு மேசை, இரண்டு கதிரை, ஒரு காற்றாடி. நான் சொல்ல வந்ததைத் தாளில் எழுதிக் கொண்டுபோய் நீட்டினேன். சிரிக்காமல் வாசித்தார்.

"நாங்க கெஞ்சி எழுதினா நிப்பாட்டுவாங்களா?" என்று கேட்டேன்.

"நாம போடப்போறது ரிட் மனு. அது கெஞ்சிற மனு இல்ல றுஸ்தா. அரசாங்கத்தக் கோட்டுக்குக் கூப்பிட்டு, 'நீங்க இதச் சட்டப்படிதான் செஞ்சீங்களா, காட்டுங்க' எண்டு கேக்கிறது. சட்டப்படி செய்யாட்டி அந்த முடிவையே நீதிமன்றம் வெட்டி எறியும். உங்கட விசயத்தில மிச்சம் லேசான கேள்விதான். சொந்தக்காரியிட்ட ஒரு சொல்லுக் கேக்காம அவட வீட்ட எடுக்கலாமா?"

அதைக் கேட்டதும் எனக்கு முதுகு நிமிர்ந்தது, காக்கா. கேள்வி கேட்பது நானாம். பதில் சொல்ல வேண்டியது அவர்களாம்.

பிறகு வினோஜா ஒரு நிபந்தனை சொன்னார். "ஒண்டையும் ஒளிக்கப்படாது. நமக்குப் பாதகமானதையும் நாமதான் முதல்ல சொல்லணும். நாம மறைச்ச ஒண்ட அவங்க எடுத்து வச்சா, நம்மட பக்கம் நியாயம் இருந்தாலும் மனு தள்ளுபடி. உங்கட வீட்டில ஆராவது எதிலயாவது கையெழுத்து வச்சிருந்தா இப்பவே சொல்லுங்க."

காக்காவிடம் கேட்டுச் சொல்கிறேன் என்றேன்.

நான் கேட்ட கோப்பும் வந்துவிட்டது. பதினேழு பக்கம். எல்லாவற்றையும் வாசித்தேன். பதினோராம் பக்கத்தில் மட்டும் கொஞ்சம் கூடுதலாக நேரம் போனது.

உங்களிடம் சொல்வதற்கு ஏதும் இருந்தால் எழுதுங்கள். ஜூன் முதல் வாரத்துக்குள் மனு போக வேண்டும். பிந்தினால் அதையே காரணம் காட்டி நீதிமன்றம் தள்ளிவிடுமாம்.

றுஸ்தா

*

கரைத்தோட்டம்,
07.05.2024

காக்காவுக்கு,

ஸலாம். நாங்கள் சுகம். நீங்களும் சுகம் என்று ஹுஸ்னியா மதினி சொன்னார். அவரோடு தினமும் கதைக்கிறீர்களாம்.

கந்தோரில் என் கதிரையைப் பதிவறைக்கு மாற்றிவிட்டார்கள். பழைய கோப்புகளின் தூசியில் தும்மிக்கொண்டிருக்கிறேன். ஜெமீலா ராத்தா தேநீரோடு வந்து, "இஞ்ச மாத்தினது நல்லதுகா. இஞ்சதான் எல்லாரிட களவும் இரிக்கி" என்று சொல்லிவிட்டுப் போகிறார்.

நிப்றாஸ் ஏன் கோல் எடுக்கிறானில்லை என்று உம்மா கேட்கிறார். வேலை கூட என்று சொன்னேன். உங்களுக்காக நான் சொல்லுகிற கடைசிப் பொய் அது.

றுஸ்தா

*

தோஹா,
19.05.2024

தங்கச்சி,

ஸலாம். சுகம் விசாரித்து எழுதக் கை வரவில்லை.

பதினோராம் பக்கம் என்று நீ எழுதிய அன்றே உனக்குத் தெரியும் என்று விளங்கிவிட்டது. ஆனாலும் என் வாயால் சொல்கிறேன். அந்தக் கடிதத்தில் கையெழுத்துப் போட்டது நான்தான்.

போன ஹஜ்ஜுப் பெருநாளுக்கு வந்திருந்தேனே, அப்போது முஸ்தாக் என்னைத் தேநீர்க் கடைக்குக் கூப்பிட்டான். இறங்குதுறையில் புதிதாகக் கட்டும் கடைகளில் ஒன்றை என் பெயருக்கு எடுத்துத் தரலாம் என்றான். ஐஸ் பெட்டி வைத்து மீன் வாங்கி அனுப்பலாம், இனி வெளிநாடு போகத் தேவையில்லை என்றான். ஏழு வருசமாகிறது றுஸ்தா. என் மகள் என்னைப் போனில் கண்டால் சிரிக்கிறாள், நேரில் கண்டால் ஹுஸ்னியாவின் பின்னால் ஒளிகிறாள்.

"நீதானே மூத்த ஆம்புள, ஒரு கையெழுத்துத்தானே" என்றான். நம் ஊரில் ஒரு வீட்டைப் பற்றி எந்த ஆம்பிளையிடமும் யாரும் கேட்பதில்லை. பிறந்த வீடு தங்கைக்கு, இருக்கிற வீடு மனைவிக்கு. அன்றைக்கு ஒருவன் என்னைக் கேட்டான். எனக்கு அது பெருமையாகவும் இருந்தது. அதுதான் உண்மை.

முன்வளவு மட்டும் என்று அவன் சொன்னான். கடிதத்தில் முழுக்காணியும் என்று இருந்தது. வாசிக்கவில்லை என்று சொன்னால் பொய். வாசித்தேன். உனக்கு வேறு இடத்தில் புது வீடு கிடைக்கும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

இதை மனுவில் போடாதே. போட்டால் தோற்றுப்போவாய். உம்மாவுக்கும் சொல்லாதே.

நிப்றாஸ்

*

கரைத்தோட்டம்,
21.05.2024

காக்கா,

அஸ்ஸலாமு அலைக்கும். உங்கள் கடிதம் கிடைத்தது.

கோபமில்லை என்று எழுத மாட்டேன். ஏப்ரல் மூன்றாம் திகதி அந்தப் பக்கத்தைக் கண்டேன். உங்கள் கையெழுத்தில் கடைசி எழுத்துக்குக் கீழே ஒரு கோடு வரும், பள்ளிக்கூடக் காலத்திலிருந்து. அந்தக் கோட்டைப் பார்த்துக்கொண்டு, கோப்பை வாங்கின இடத்திலேயே நின்றேன். அன்றே உங்களுக்கு எழுதியிருக்கலாம். எழுதியிருந்தால் எனக்கு ஒரு சமாதானம் சொல்லியிருப்பீர்கள். எனக்குத் தேவைப்பட்டது சமாதானம் அல்ல. நீதிமன்றத்தின் முன் சத்தியம் செய்யக்கூடிய ஒரு ஆள். பிடித்து இழுத்து வந்தவர் நாளைக்குத் திரும்பி ஓடிவிடுவார். அதனால்தான் நீங்களாக வரும்வரை இருந்தேன்.

நேற்றுப் பதினோராம் பக்கத்தை வினோஜாவிடம் கொடுத்து, "இதுதான் எங்களுக்குப் பாதகமான காயிதம்" என்றேன். அவர் உறுதியை ஒரு பக்கமும் உங்கள் கடிதத்தை மறுபக்கமும் வைத்து இரண்டையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு கதிரையை விட்டு எழும்பிவிட்டார்.

"ஆரு உங்களுக்குப் பாதகம் எண்டு சொன்ன? இது அவங்களுக்குத்தான் பாதகம்! விசாரணை வைக்கல்ல, ஏனெண்டா சொந்தக்காரர் சம்மதம் தந்திட்டார் எண்டுதானே சொல்லப்போறாங்க? தந்தவருக்கு அந்தக் காணியில ஒரு பிடி மண்ணும் சொந்தமில்ல. சொந்தக்காரி அதே கந்தோரில நாலு மேசை தள்ளி இருந்திரிக்கா. அவட்ட ஒரு சொல்லுக் கேக்கல்ல!"

எனவே ஒளிக்கப்போவதில்லை. அதுதான் நம் முதல் ஆவணம். நாமே வைக்கிறோம்.

ஆனால் நீங்களும் ஒரு சத்தியக்கடதாசி தர வேண்டும். அந்தக் காணிக்கு நீங்கள் ஒருநாளும் சொந்தக்காரர் அல்ல என்றும், அது தெரிந்துகொண்டே கையெழுத்துப் போட்டீர்கள் என்றும், என்ன சொல்லி அதை வாங்கினார்கள் என்றும் அதில் இருக்க வேண்டும். கடை கிடைக்காது. சாய்ந்தமருதில் நாலு பேர் சிரிப்பார்கள். அதைக் குறைத்துச் சொல்ல எனக்கு வழியில்லை.

உங்கள் ஈமெயிலை யாருக்கும் கொடுக்கவில்லை. உங்கள் மகளைப் பற்றி எழுதியது நீதிமன்றத்துக்குத் தேவையில்லாதது.

உம்மாவுக்குச் சொல்லாதே என்கிறீர்கள். மனுவை முழு ஊரும் வாசிக்கும். வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் பிறகு நான் உம்மாவுக்குச் சொல்வேன். அதற்கு முன் நீங்கள் சொல்ல மூன்று நாள் இருக்கிறது.

றுஸ்தா

*

தோஹா,
30.05.2024

அன்புத் தங்கச்சிக்கு,

வஅலைக்குமுஸ்ஸலாம். நான் சுகம்.

போன வியாழக்கிழமை உம்மாவுக்குக் கோல் எடுத்தேன். எல்லாவற்றையும் சொன்னேன். லைன் விழுந்துவிட்டதோ என்று பார்த்தேன். பிறகு, "சாப்பிட்டயா?" என்று கேட்டா. ஓம் என்றேன். வைத்துவிட்டா. ஏசியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

முஸ்தாக்கும் கோல் எடுத்தான். எப்படியோ கேள்விப்பட்டிருக்கிறான். "சொந்தத் தங்கச்சிக்கு முன்னால நான் ஆம்புளயில்ல எண்டு எழுதிக் குடுக்கப் போறியா?" என்றான். "ஆம்புளதான், வீட்டுக்குச் சொந்தக்காரன் இல்லை. நீயும் அப்படித்தானே" என்று சொல்லிவிட்டு வைத்தேன். நீ அவனுக்குச் சொன்னதைத்தான் திருப்பிச் சொன்னேன், குறை நினைக்காதே.

நேற்று அரைநாள் லீவு எடுத்துத் தூதரகத்துக்குப் போனேன். அங்கே இருந்தவர் வாசித்துவிட்டு நிமிர்ந்து பார்த்தார். "இது தங்கச்சிக்காகவா, தங்கச்சிக்கு எதிராகவா?" என்று கேட்டார்.

"எனக்கு எதிராக" என்றேன். முத்திரை குத்தினார்.

ஊருக்குப் போகிற ஒருவரிடம் மூலப்பிரதியைக் கொடுத்திருக்கிறேன். திங்கட்கிழமை உன் கைக்கு வரும். இதைவிட வேறு எதுவும் எழுதத் தெரியவில்லை.

காக்கா

*

கரைத்தோட்டம்,
14.07.2024

அன்புள்ள காக்கா,

அஸ்ஸலாமு அலைக்கும். உம்மாவின் முழங்கால் சுகம். உங்களுக்கு வெயில் என்று தெரியும். தண்ணீர் குடியுங்கள்.

வெள்ளிக்கிழமை கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் நம் மனு எடுக்கப்பட்டது. விடிய முன் நீதிமன்றங்கள் இருக்கிற புதுக்கடையில் இறங்கினோம், உம்மா, வினோஜா, நான். உம்மா ஒரு துணிப்பையில் உறுதியின் மூலத்தை நெஞ்சோடு வைத்திருந்தார். வாசல் பொலிஸ்காரர் பையைத் திறக்கச் சொன்னபோது, "பாருங்க தம்பி, ஆனா தொடாதீங்க" என்றார்.

கறுப்புக் கோட்டுக்காரர் எல்லோரும் வேகமாக நடக்கிறார்கள். எல்லாம் ஆங்கிலம். நம் பக்கம் பேசியவர் நல்லரெத்தினம் என்ற மூத்த சட்டத்தரணி. வினோஜா என் காதுக்குள் தமிழில் சொல்லிக்கொண்டே இருந்தார்.

வினோஜா சொன்னபடியேதான் நடந்தது. அரசாங்கத்துச் சட்டத்தரணி எழும்பி, குடும்பத் தலைவர் எழுத்தில் சம்மதம் தந்திருக்கிறார், அதனால்தான் விசாரணை தேவைப்படவில்லை என்றார். பதினோராம் பக்கத்தை உயர்த்திக் காட்டினார். நல்லரெத்தினம் ஐயா அவசரப்படவில்லை. "அந்தக் கடிதத்தை எங்கள் மனுவோடு நாங்களே வைத்திருக்கிறோம். அதை எழுதியவரின் சத்தியக்கடதாசியும் அதற்கு அடுத்த பக்கத்தில் இருக்கிறது" என்றார்.

நீதியரசர் உங்கள் சத்தியக்கடதாசியை வாசித்தார். உங்கள் பெயர் அவ்வளவு பெரிய இடத்தில் வாசிக்கப்படும் என்று நான் நினைத்ததில்லை.

பிறகு அவர் கேட்டார்: "அப்படியானால் உரிமையாளரிடம் யார் கேட்டது?"

அரசாங்கத்துச் சட்டத்தரணி கோப்பைப் புரட்டினார். பதினேழு பக்கத்தையும் புரட்டினார். எனக்குத் தெரியும், அதில் இல்லை.

"மனுதாரர் வந்திருக்கிறாரா?"

வினோஜா என் முழங்கையைத் தொட்டார். எழும்பி நின்றேன். வாய் திறக்கச் சொல்லவில்லை, நிற்கத்தான் வேண்டியிருந்தது. வகுப்பில்கூட இப்படி நின்றதில்லை. இருக்கச் சொல்லும்வரை நின்றேன். எனக்குப் பின்னால் உம்மாவும் எழும்பி நின்றது பிறகுதான் தெரிந்தது.

மனு முடியும்வரை காணியில் யாரும் கைவைக்கக்கூடாது என்று இடைக்காலத் தடை தந்திருக்கிறார்கள். எதிர்த்தரப்புக்கு அறிவித்தல் போகிறது. இது முடிவு இல்லை. இரண்டு வருசம்கூட இழுக்கலாம் என்கிறார் வினோஜா. இழுக்கட்டும். இந்த வீட்டில் இருந்துகொண்டே இழுப்போம். என் நியமனத்தைத் தொட்டால் அதற்கும் ஒரு மனு இருக்கிறதாம்.

உம்மா உங்களைப் பற்றி ஒன்றும் கதைக்காமலே இருந்தார். திரும்பி வரும்போது பஸ்ஸில், மகியங்கனை தாண்டிய பிறகு, ஜன்னலைப் பார்த்தபடி சொன்னார்: "அவன் ஊருக்கு வரத்தானே நினச்சான். அதில பிழையில்ல. வாறத்துக்கு என்ட வீட்ட விக்கப் பாத்ததுதான் பிழ." சிறிது நேரம் கழித்து, "அங்க போய்ச் சத்தியம் பண்ணினானே. அதையும் கணக்கில எடுக்கணும்" என்றார்.

வீட்டுக்கு வந்ததும் கேற்றில் ஜனவரியில் ஒட்டிய அறிவித்தல் வெயிலில் வெளிறிப்போய் இன்னும் இருந்தது. அதைக் கிழிக்கவில்லை. அதற்கு மேலே நீதிமன்றக் கட்டளையின் பிரதியை ஒட்டினேன். மனுதாரர் என்ற இடத்தில் என் பெயர். பின்னேரம் முஸ்தாக் சேர் மோட்டார் சைக்கிளை நிறுத்தி வாசித்துவிட்டுப் போனதாக அடுத்த வீட்டில் சொன்னார்கள். நன்றாக வாசிக்கட்டும். மழைக்கு நனையாமல் பிளாஸ்டிக் உறை போட்டிருக்கிறேன்.

டிசம்பரில் லீவு என்று மதினி சொன்னார். போன தரம் மாதிரிக் கேற்றில் நின்று உம்மாவைக் கூப்பிடாதீர்கள். உள்ளே வாருங்கள். மகளையும் கூட்டி வாருங்கள், கிணற்றடியில் விளையாடட்டும். யாரும் ஒன்றும் சொல்ல மாட்டார்கள். இந்த வீட்டின் சொந்தக்காரி நான், நான் கூப்பிடுகிறேன்.

உங்கள் தங்கை,
அப்துல் ஸமட் றுஸ்தா